65 கிலோமீட்டர் காற்று, ஆயிரத்துக்கு மேல் உயிர்: வாஷி புயல், 2011

2011 டிசம்பர் 16, வெள்ளிக்கிழமை பிற்பகல். பிலிப்பைன்ஸின் தெற்கே உள்ள மிண்டனாவோ தீவில், ஹினாத்துவான் என்ற ஊருக்குப் பக்கத்தில் ஒரு புயல் கரையைக் கடந்தது. மையத்தில் காற்றின் வேகம் மணிக்கு 65 கி.மீ. என்று அந்நாட்டு வானிலை நிறுவனமான பகாசா அறிவித்திருந்தது. இந்திய வானிலைத் துறையின் அளவுகோலில் மணிக்கு 62 கி.மீ. தொட்டால்தான் அதற்குப் புயல் என்றே பெயர். வாஷி அந்தக் கோட்டை ஒட்டித்தான் நின்றது. ஆண்டுக்கு இருபது புயலைப் பார்க்கும் நாட்டில் இதெல்லாம் ஒரு புயலா என்று கேட்கத்தக்க வேகம் அது.

மறுநாள் விடிந்தபோது ககயான் டி ஓரோ, இலிகன் என்ற இரண்டு நகரங்களில் பிணங்களை வைக்க இடமில்லை. கடைசியில் அரசுக் கணக்கு 1,260 பேரைத் தாண்டியது. காணாமல் போனவர்கள் தனி. அந்த ஆண்டு உலகில் வேறெந்தப் புயலும் இவ்வளவு பேரைக் கொல்லவில்லை.

அந்த இரவில் நடந்ததைப் புரிந்துகொள்ள, காற்றின் வேகம் என்ற எண்ணை முதலில் ஒதுக்கி வைக்க வேண்டும். வாஷியை எடை போட உதவாத எண் அது. ஆனால் அன்றைக்கு எல்லோர் கையிலும் இருந்தது அந்த ஒரு எண்தான்.

பிறப்பும் பாதையும்

டிசம்பர் இரண்டாம் வாரத்தில், மேற்குப் பசிபிக்கில் கரோலின் தீவுகள் பக்கம் ஒரு மேகக்கூட்டம் சுழலத் தொடங்கியது. 13ஆம் தேதி அது காற்றழுத்தத் தாழ்வு மண்டலமானது. 15ஆம் தேதி ஜப்பான் வானிலை முகமை அதைப் புயலாக அறிவித்து வாஷி என்று பெயரிட்டது. பிலிப்பைன்ஸ் தன் கண்காணிப்பு எல்லைக்குள் வரும் புயல்களுக்குத் தனியாக ஒரு பெயர் வைக்கும் வழக்கம் உள்ள நாடு. அங்கே இதற்கு செண்டோங் என்று பெயர். இன்றும் அந்த மக்கள் 'செண்டோங்' என்றுதான் சொல்கிறார்கள், 'வாஷி' என்றால் பலருக்குத் தெரியாது.

வாஷி பிறந்த இடமும் நகர்ந்த பாதையும் நிலநடுக்கோட்டுக்கு மிக அருகில் இருந்தன. அந்த அட்சரேகைகளில் பூமி சுழல்வதால் காற்றுக்குக் கிடைக்கும் திருப்புவிசை குறைவு. அதனால் அங்கே சுழற்சி அவ்வளவு எளிதில் உருவாகாது, உருவானாலும் பெரும்பாலும் பெரிதாக வளராது. அதே காரணத்தால்தான் மிண்டனாவோவுக்குப் புயல் அரிது. பிலிப்பைன்ஸைத் தாக்கும் புயல்களில் பெரும்பாலானவை வடக்கே லூசான், நடுவே விசாயாஸ் வழியாகப் போய்விடும். வடக்கு மிண்டனாவோவுக்குப் பத்துப் பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறைதான் புயல் வரும் என்று அப்போது சொன்னார்கள். 'எங்கள் ஊரில் புயல் வராது' என்பது அங்கே பல தலைமுறையாக ஊறிய நம்பிக்கை. முதலீட்டாளர்களைக் கூப்பிடும்போதுகூட அதைப் பெருமையாகச் சொல்வார்கள்.

டிசம்பரில் மட்டும் கணக்கு கொஞ்சம் மாறும். வடக்கே உயர் அழுத்த மேடு பலமாக நிற்பதால் புயல்கள் வடக்கே வளைந்து போக வழியில்லாமல் நேர் மேற்காகத் தள்ளப்படும். வாஷியும் அப்படித்தான் கிட்டத்தட்ட நேர்கோடாக வந்தது. ஹினாத்துவானில் கரையேறி, மாலையும் இரவுமாகத் தீவைக் கடந்து, சூலு கடலில் இறங்கி, பலவான் தீவையும் தொட்டுவிட்டுத் தென்சீனக் கடலில் 19ஆம் தேதி வாக்கில் கரைந்து போனது. ஜப்பான் கணக்கில் அதன் மொத்த வாழ்நாள் உச்சமே மணிக்கு 95 கி.மீ. தான்.

பெருமழை என்றால் புயல் ஒரே இடத்தில் தங்க வேண்டும் என்று பொதுவாக நினைப்போம். பெரும்பாலும் அது சரிதான். வாஷி எங்கும் தங்கவில்லை. ஒரே இரவில் தீவைத் தாண்டிவிட்டது. அப்படியானால் இவ்வளவு நீர் எங்கிருந்து வந்தது?

18 சென்டிமீட்டர்

ககயான் டி ஓரோ நகரத்துக்குத் தெற்கே, கொஞ்சம் மேட்டில், லும்பியா என்ற இடத்தில் அப்போதைய விமான நிலையம் இருந்தது. அங்கே பகாசாவின் மழைமானி இருந்தது. அதில் 24 மணி நேரத்தில் பதிவானது 180.9 மி.மீ. அந்த இடத்தில் டிசம்பர் மாதம் முழுவதற்குமான சராசரி மழையே 99.9 மி.மீ. தான். அதாவது ஒரு மாத மழையைப் போல ஏறத்தாழ இரண்டு மடங்கு ஒரு நாளில் கொட்டியது. அதிலும் பெரும்பகுதி 16ஆம் தேதி பிற்பகலுக்கும் நள்ளிரவுக்கும் இடையே.

நம் ஊரில் மழை பார்த்துப் பழகியவர்களுக்கு 18 செ.மீ. பெரிய எண்ணாகத் தோன்றாது. நம் வானிலைத் துறை வகைப்பாட்டில்கூட அது மிக கனமழைதான், அதி கனமழை என்ற பட்டியலில் சேராது. வடகிழக்குப் பருவமழையில் கடலோர மாவட்டங்கள் இதைவிடப் பெரிய மழையைப் பார்த்திருக்கின்றன. வாஷியைப் படிக்கும்போது நம்மைத் தடுமாற வைப்பதும் இதுதான். காற்றும் பெரிதில்லை, மழைமானியில் உள்ள எண்ணும் உலக சாதனையில்லை.

ஆனால் மழைமானி காட்டுவது ஒரு புள்ளியில் விழுந்ததை. கொன்றது, பல நூறு சதுர கிலோமீட்டரில் விழுந்து ஒரே வாய்க்காலுக்குள் வந்து சேர்ந்த நீர். அதற்கு வரைபடத்தைப் பார்க்க வேண்டும்.

நகரத்துக்குத் தெற்கே புகிட்னான் மாகாணத்தின் பீடபூமி. அதற்கு மேல் கலாதுங்கன், கிதாங்லாட் மலைகள், இரண்டும் 2,800 மீட்டருக்கு மேல். ககயான் ஆறு அங்கே பிறந்து வடக்கு நோக்கி ஓடி, நகரத்தின் நடுவே புகுந்து மகஹலார் விரிகுடாவில் விழுகிறது. மலையுச்சிக்கும் கடலுக்கும் இடையே தொலைவு குறைவு, சரிவு அதிகம், ஆறு ஓடுவது பெரும்பாலும் ஆழமான பள்ளத்தாக்குகளில். நீர்ப்பிடிப்புப் பகுதி 1,300 சதுர கி.மீ.க்கு மேல். லும்பியாவில் பெய்த அளவே எல்லா இடத்திலும் பெய்ததாக வைத்துக்கொண்டு கணக்குப் போட்டால் 23 கோடி கன மீட்டருக்கு மேல் வருகிறது. நமக்குப் பழகிய அளவில் சொன்னால் 8 டி.எம்.சி.க்கு மேல். இது தோராயக் கணக்குதான், அதில் ஒரு பங்கு மண்ணில் இறங்கியிருக்கும். மிச்சம் முழுதும், நடுவில் தடுத்து நிறுத்தப் பெரிய அணை எதுவும் இல்லாமல், ஒரே ஆற்றில் ஒரே இரவில் இறங்கியது.

இங்கே புயலின் சுழற்சிக்கும் மலைக்கும் உள்ள உறவு முக்கியம். கிழக்கிலிருந்து மேற்காக ஒரு புயல் வரும்போது அதன் முன்பக்கத்தில் காற்று வடக்கிலிருந்து தெற்காக வீசும். வடக்கு மிண்டனாவோவுக்கு வடக்கே போஹோல் கடல். அந்தக் கடலின் ஈரத்தை வாரிக்கொண்டு வந்த காற்று, வடக்கு பார்த்த அந்தச் சரிவுகளில் நேராக மோதி மேலே ஏறியது. ஏறும் காற்று குளிரும், குளிர்ந்தால் ஈரத்தைக் கொட்டும். அதற்குக் காற்று மணிக்கு 200 கி.மீ. வேகத்தில் வீச வேண்டிய அவசியமே இல்லை. போதுமான ஈரமும், அதைத் தூக்கிவிட ஒரு மலையும் இருந்தால் பலவீனமான சுழற்சியே போதும். புயலின் காற்று வேகத்துக்கும் அது தரும் மழைக்கும் நேரடித் தொடர்பு இல்லை என்பது வானிலையாளர்களுக்குப் பழைய செய்தி. பொதுமக்களிடம் அது இன்னும் போய்ச் சேரவில்லை.

நள்ளிரவு

16ஆம் தேதி விடியலில்தான் கிறிஸ்துமஸுக்கு முந்தைய ஒன்பது நாள் அதிகாலைப் பூசைகள் தொடங்கியிருந்தன. பண்டிகைக் காலம், வெள்ளிக்கிழமை இரவு, மழை. சனிக்கிழமை பிறக்கும் நேரத்தில் பெரும்பாலான வீடுகள் உறக்கத்தில் இருந்தன.

ஒரு மணி நேரத்துக்குள் ஆறு 3 மீட்டருக்கு மேல் ஏறியது என்று பேரிடர் அதிகாரிகள் பிறகு சொன்னார்கள். ஒரு மாடி உயரம். முழங்கால் அளவு நீரைப் பார்த்துவிட்டு, சாமானைக் கட்டிலின் மேல் தூக்கி வைத்துவிட்டு, குழந்தைகளை எழுப்பலாம் என்று திரும்புவதற்குள் கதவைத் திறக்க முடியாத நிலை. தகரக் கூரை வேய்ந்த வீடுகளில் பலர் உட்கூரைக்கு ஏறினார்கள். நீர் அங்கேயும் வந்தபோது வெளியேற வழி இல்லை. கையால் தகரத்தைப் பிய்த்துக் கூரைமேல் ஏறியவர்கள் பிழைத்தார்கள், அதுவும் வீடு நின்றால்தான். பல வீடுகள் நிற்கவில்லை. அடித்தளத்தோடு பெயர்ந்து ஆற்றோடு போயின. மரக்கட்டையையும் வாழைத்தண்டையும் பிடித்தபடி கடலுக்குள் அடித்துச் செல்லப்பட்ட பலரை மறுநாள் விரிகுடாவில் இருந்து உயிரோடு மீட்டார்கள். அவர்களைவிடப் பல மடங்கு பேர் பிணமாகத்தான் கிடைத்தார்கள்.

அன்றைய கடலேற்றமும் முகத்துவாரத்தில் நீர் வடிவதைத் தடுத்தது என்று அதிகாரிகள் குறிப்பிட்டார்கள். இருக்கலாம். ஆனால் என் கணிப்பில் அதற்குக் கொடுக்கப்பட்ட முக்கியத்துவம் அதிகம். கடலேற்றம் முகத்துவாரத்தை ஒட்டிய பகுதியைப் பாதிக்கும். ஆற்றின் மேல்பக்கத்தில், மகாசண்டிக், பலுலாங் போன்ற பகுதிகளில் கூரை மட்டத்துக்கு வந்த நீருக்கு மலையில் பெய்த மழைதான் காரணம்.

மணல்திட்டில் ஓர் ஊர்

ககயான் டி ஓரோவின் நடுவே ஆறு வளையும் இடங்களில் ஆறே கொண்டுவந்து குவித்த மணல்திட்டுகள் உண்டு. இஸ்லா டி ஓரோ அப்படி ஒன்று, பெயரிலேயே தங்கத் தீவு. காலா-காலா இன்னொன்று. சந்தைக்கும் வேலைக்கும் பக்கம், வாடகை குறைவு, சமதளம். தலைமுறை தலைமுறையாகக் குடிசை போட்டு, பிறகு செங்கல் வைத்துக் கட்டி, மின்சாரம் வாங்கி, அது ஒரு குடியிருப்பாகிவிட்டது. 2010 கணக்கெடுப்பில் நகரத்தின் மக்கள்தொகை 6 லட்சத்தைத் தொட்டிருந்தது. வேகமாக வளரும் நகரத்தில் ஏழைக்குக் கிடைப்பது ஆறு விட்டுவைத்த இடம்தான்.

ஆறு அதை நிரந்தரமாக விட்டுக்கொடுக்கவில்லை என்பதற்கு எச்சரிக்கை இல்லாமல் இல்லை. 2009 ஜனவரியில் புயல் எதுவும் இல்லாமலே இதே நகரத்தில் பெருவெள்ளம் வந்தது. அதன் பிறகு அரசின் சுரங்க, புவியியல் துறை இந்தத் திட்டுகள் வெள்ள அபாயம் மிகுந்தவை என்று வரைபடத்தில் குறித்தது. வரைபடம் அலுவலகத்தில் இருந்தது. மக்கள் திட்டில் இருந்தார்கள். மூன்று ஆண்டுகள் நிறைவதற்குள் வாஷி வந்தது.

இந்த இடத்தில் அந்த மக்களின் மேல் பழி போடுவது எனக்கு ஒப்புதல் இல்லை. 'ஏன் அங்கே குடியிருந்தார்கள்' என்ற கேள்வி ஒவ்வொரு வெள்ளத்துக்குப் பிறகும் எழுகிறது. வேறு எங்கே போகச் சொன்னார்கள், அங்கே பேருந்து போகுமா, வேலை கிடைக்குமா என்பதையும் சேர்த்துக் கேட்டால்தான் அது நேர்மையான கேள்வி.

இலிகனில் மரங்கள்

இலிகனின் கதை வேறு மாதிரி. அங்கே மண்டுலோக் ஆறு. நீரோடு சேர்ந்து வெட்டிய மரங்கள் வந்தன. ஒன்றிரண்டு அல்ல, ஆயிரக்கணக்கில். மலைக்காட்டில் வெட்டி, இறக்கிவிட நாள் பார்த்து வைத்திருந்த அடிமரங்களை ஆறு ஒரே இரவில் இறக்கியது. ஒவ்வொன்றும் வீட்டுச் சுவரை இடித்துத் தள்ளும் எடை. ஹினாப்லனோன் பகுதியிலும் ஆற்று முகத்தில் இருந்த பயூக் தீவிலும் வீடுகளை இடித்தது வெறும் தண்ணீர் அல்ல, தண்ணீர் ஏந்தி வந்த கட்டைகள். விடிந்தபோது கடற்கரை நெடுக மரம் மலைபோல் குவிந்து கிடந்ததைப் படங்களில் பார்க்கலாம்.

இதில் மனதைச் சுடும் ஒரு விஷயம் இருக்கிறது. அதே 2011 பிப்ரவரியில் அதிபர் பெனிக்னோ அக்கினோ இயற்கைக் காடுகளில் மரம் வெட்டுவதை நாடு முழுதும் நிறுத்தி வைத்து ஆணை போட்டிருந்தார். பத்து மாதம் கழித்து அந்த ஆணையின் நிலை என்ன என்பதை இலிகன் கடற்கரை காட்டியது. காடு இருந்திருந்தால் வெள்ளமே வந்திருக்காது என்று சொல்ல மாட்டேன். சில மணி நேரத்தில் இவ்வளவு பெய்தால் எந்தக் காடும் முழுதாக உறிஞ்சாது. ஆனால் நீர் ஆற்றை அடையும் வேகம் குறைந்திருக்கும், உச்சம் தாழ்ந்திருக்கும், கட்டைகள் வந்திருக்காது. இரவில் அரை மணி நேரம் கூடுதலாகக் கிடைத்திருந்தால் எத்தனை பேர் மேட்டுக்குப் போயிருப்பார்கள் என்று நினைக்காமல் இருக்க முடியவில்லை.

எண் 2

எச்சரிக்கை வந்ததா? வந்தது. பகாசா முன்கூட்டியே பாதையைச் சரியாகக் கணித்தது. ககயான் டி ஓரோ இருக்கும் மிசாமிஸ் ஓரியண்டல் உள்ளிட்ட மாகாணங்களுக்கு எச்சரிக்கை எண் 2 அறிவித்தது. அறிக்கையில் மணிக்கு 10 முதல் 25 மி.மீ. மழை பெய்யலாம் என்ற வரியும் இருந்தது. ஆக, வானிலையாளர்கள் தூங்கிவிட்டார்கள் என்று சொல்வது நியாயமில்லை.

பிரச்சினை அந்த எண்ணில் இருந்தது. அப்போதைய முறையில் மொத்தம் நான்கு எண்கள். மணிக்கு 30 முதல் 60 கி.மீ. காற்றுக்கு எண் 1, அதற்கு மேல் 100 வரை எண் 2, 185 வரை எண் 3, அதற்கும் மேல் எண் 4. நம் துறைமுகங்களில் ஏற்றும் புயல் எச்சரிக்கைக் கூண்டு போல, எண் ஏற ஏற ஆபத்து ஏறும் என்று மக்கள் மனதில் பதிந்துவிட்டது. எண் 2 என்றால் வாழை சாயும், பழைய தகரம் பறக்கும், படகு கடலுக்குப் போகக் கூடாது, அவ்வளவுதான். ஆறு எவ்வளவு ஏறும் என்பது அந்த எண்ணுக்குள் அடங்காது. நான்கில் இரண்டு என்று கேட்டவர் வீட்டில் இருந்துவிட்டால் அது அவர் தவறல்ல. அவரிடம் சொன்னதை அவர் சரியாகவே புரிந்துகொண்டார்.

மணிக்கு 25 மி.மீ. என்ற வரியும் அறிக்கையோடு நின்றுவிட்டது. அதை இத்தனை மணி நேரத்தில் இந்த ஆறு இத்தனை மீட்டர் ஏறும் என்று மாற்றிச் சொல்ல ஆள் இல்லை, கருவியும் இல்லை. ஆற்றில் வைத்த கருவிகள் தொலைவிலிருந்து அனுப்பும் அளவுகளைக் கொண்டு செய்யும் வெள்ள முன்னறிவிப்பு நாட்டில் அப்போது பம்பங்கா, அக்னோ, பிகோல், ககயான் என்ற பெரிய ஆற்றுப்படுகைகளை மையமாகக் கொண்டிருந்தது. பெயர் குழப்பம் வேண்டாம், அந்தக் ககயான் வடக்கே லூசானில் ஓடும் வேறு ஆறு. நான்குமே லூசானில்தான். புயல் வராத தீவுக்கு எதற்கு என்று விட்டதன் விலை இது.

இதற்கு முன்னோட்டமும் இருந்தது. 1991 நவம்பரில் தெல்மா என்ற புயல், அங்கே ஊரிங் என்று பெயர், மணிக்கு 75 கி.மீ. காற்றோடு லெய்த்தே தீவைக் கடந்தது. ஓர்மோக் நகரத்தில் சில மணி நேரத்தில் வந்த காட்டாற்று வெள்ளம் ஐயாயிரம் பேர் அளவில் கொன்றது. மலைச்சரிவு முழுக்கக் கரும்புத் தோட்டம், ஆற்று வளைவில் ஏழைகளின் குடியிருப்பு, பலவீனமான புயல். எல்லாம் அதே வரிசை. இருபது ஆண்டு இடைவெளியில் தெற்கே இன்னொரு தீவில் அப்படியே திரும்ப நடந்தது.

பிறகு

அடுத்த சில நாட்கள் பற்றிச் சுருக்கமாகச் சொல்லலாம். டிசம்பர் 20 அன்று அதிபர் தேசியப் பேரிடர் நிலை அறிவித்தார். நகரத்துக்குக் குடிநீர் கொடுத்த ஆழ்துளைக் கிணறுகள் சேற்றில் மூழ்கியதால் வெள்ளம் சூழ்ந்த ஊரில் குடிக்க நீர் இல்லை. ஜனவரியில் எலிக்காய்ச்சல் பரவி மேலும் சிலர் இறந்தார்கள். வாஷி, செண்டோங் இரண்டு பெயர்களும் இனி எந்தப் புயலுக்கும் வைக்காதபடி நீக்கப்பட்டன. இஸ்லா டி ஓரோவும் காலா-காலாவும் குடியிருக்கத் தடை விதித்த பகுதிகளாயின.

உருப்படியான மாற்றம் 2012இல் வந்தது. பகாசா காற்றைச் சாராத தனி மழை எச்சரிக்கையைத் தொடங்கியது. மஞ்சள், ஆரஞ்சு, சிவப்பு. மணிக்கு 30 மி.மீ.க்கு மேல் என்றால் சிவப்பு. அதே ஆண்டு, செண்டோங்கை முன்வைத்து, ஆறுகளில் தானியங்கி மழைமானிகளும் நீர்மட்ட அளவிகளும் வைத்து விரிவான வெள்ள வரைபடம் தயாரிக்கும் நோவா திட்டம் தொடங்கப்பட்டது.

சோதனை உடனே வந்தது. 2012 டிசம்பர் 4, போஃபா. இது பலவீனமான புயல் இல்லை, மிண்டனாவோ கண்ட மிகக் கடுமையான புயல்களில் ஒன்று. ககயான் டி ஓரோவில் இந்த முறை ஆற்றங்கரை மக்களை முன்னதாகவே வெளியேற்றினார்கள். ஆறு பெருகியது, ஆனால் முந்தைய ஆண்டின் பேரழிவு திரும்பவில்லை. அதே போஃபா தீவின் கிழக்கே நியூ பத்தான் பகுதியில் சேற்றையும் பாறையையும் இறக்கி நூற்றுக்கணக்கானோரைக் கொன்றது. அங்கே செண்டோங் போயிருக்கவில்லை. கற்றுக்கொண்ட ஊர் தப்பியது, அதே தீவின் இன்னொரு மாகாணம் தப்பவில்லை.

2017 டிசம்பர் 22 அன்று டெம்பின் வந்தது, உள்ளூரில் வின்டா. மிண்டனாவோவைக் கடந்தபோது அதுவும் வாஷி அளவு காற்றுதான். லனாவோ டெல் நோர்த்தேயில் டலாமா என்ற கிராமம் வெள்ளத்தில் அடியோடு போனது. பிலிப்பைன்ஸில் இறந்தவர்கள் 150க்கு மேல். இலிகனிலிருந்து அது அதிகத் தொலைவில்லை, ஆறு ஆண்டுதான் ஆகியிருந்தது. இந்த முறை மழை எச்சரிக்கையும் இருந்தது, வண்ணமும் இருந்தது. மலையடிவாரத்துச் சிற்றாறுகள், பெயர்கூட வெளியே தெரியாதவை, அவைதான் பெருகின.